கரிசல் காட்டில் வெண்பன்றிச் சாப்ஸும் மக்காச்சோளப் பூரணமும்

அருப்புக்கோட்டைக்கும் திருச்சுழிக்கும் இடைப்பட்ட வானம் பார்த்த பூமியில் பன்றி இறைச்சி நெடுங்காலமாகக் குழம்புக்கும் மிளகு வறுவலுக்கும் உரிய பொருளாகவே இருந்து வந்துள்ளது. எலும்போடு கூடிய முதுகுத் தசையை ஓர் அங்குலத் தடிமனில் குறுக்காகச் சாப்ஸாக அறுத்து, ரொட்டித் துண்டும் இளம் மக்காச்சோளமும் வெங்காயமும் கலந்த உப்புப் பூரணத்தின் மேல் அடுக்கி, மூடிய அடுப்பின் சூட்டில் வேகவைத்து எடுக்கும் முறை அமெரிக்க வீடுகளுக்கு உரியது. அங்கே ஐயோவா போன்ற மாநிலங்களில் மக்காச்சோளமும் பன்றியும் அக்கம்பக்கமாகவே வளர்வதால் இரண்டும் ஒரே தட்டில் சேர்ந்தது இயல்பாக நிகழ்ந்தது. கரிசல் நிலத்திலும் இன்று மக்காச்சோளம் விளைகிறது, வெண்பன்றி வளர்கிறது, எரிப்பதற்குச் சீமைக் கருவேலம் குறைவின்றிக் கிடைக்கிறது. இம்மூன்றும் கைக்கெட்டும் தொலைவில் இருந்தும் இந்த உணவு இவ்வட்டாரத்தில் சரியாக அமையப் பல ஆண்டுகள் பிடித்தன. ஏனெனில் கறி அடுப்புக்கு வருமுன்பே கொட்டகையிலும் வெட்டுக்கட்டையிலும் சோளக்காட்டிலும் மாறவேண்டியவை பல இருந்தன.

இக்கட்டுரையாளர் அருப்புக்கோட்டையில் ஓர் இறைச்சிக் கடையின் வெட்டுக்கட்டையருகே தொழில் பழகி, பின்னர் சரக்குக் கப்பல்களின் சமையற்கூடங்களில் வேலை பார்த்து, ஊர் திரும்பியபின் விருந்துகளுக்குச் சமைத்துக் கொடுக்கும் தொழிலை நடத்தி வருபவர். இங்குக் கூறப்படுபவை அம்மூன்று இடங்களிலும் கண்டறிந்தவை. அவர் தொழில் பழகத் தொடங்கிய காலத்தில் கடைக்கு வந்தவை தெருவிலும் கண்மாய்க்கரையிலும் திரிந்து மேய்ந்த கருநிற நாட்டுப் பன்றிகள். அவற்றின் இறைச்சி சுவையில் குறைந்ததன்று. தசை இறுகியும் நிறம் ஆழ்ந்தும் இருக்கும், குழம்பில் இட்டால் சாறு கெட்டியாக இறங்கும். ஆனால் திறந்தவெளியில் மலம் கழிக்கும் வழக்கம் இருந்த ஊர்களில் திரிந்து மேய்ந்த பன்றிக்கு நாடாப்புழுவின் முட்டைகள் உணவோடு உட்சென்று, தசைக்குள் சிறு கூடுகளாகத் தங்கிவிடும் அபாயம் உண்டு. அக்கூடுகள் சரியாக வேகாமல் மனிதர் வயிற்றுக்குள் போனால் அங்கே புழுவாக வளர்கின்றன, அப்புழுவின் முட்டைகள் மனிதருக்குள் போனால் அவற்றின் இளம்புழுக்கள் மூளைவரை சென்று வலிப்பையும் உண்டாக்குகின்றன. இந்த அச்சம் நியாயமானது. பன்றிக்கறி என்றால் நார்நாராகப் பிரியும்வரை கொதிக்கவேண்டும் என்ற வழக்கத்தை அது உறுதிப்படுத்தியது, அவ்வழக்கம் நிலைத்திருந்தவரை சாப்ஸைச் சாறு குன்றாமல் வேகவைத்து எடுப்பது பற்றி எவரும் எண்ணிப் பார்த்திருக்க முடியாது.

கொட்டகையில் அடைத்து வளர்க்கும் வெண்பன்றி பரவியபோதுதான் இந்நிலை மாறியது. இங்கிலாந்தின் யார்க்ஷயர் பகுதியைப் பூர்வீகமாகக் கொண்ட பெரிய வெள்ளை யார்க்ஷயர் இனத்தைத் தமிழ்நாட்டில் பரப்பியதில் காட்டுப்பாக்கத்திலுள்ள கால்நடை ஆராய்ச்சி நிலையத்திற்கும், 1989இல் தொடங்கப்பட்ட தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகத்திற்கும் பெரும் பங்குண்டு. சிமெண்டுத் தரை, குழாய் நீர், அடைப்புக்குள் தீவனம் என்று வளர்ந்த பன்றியின் இறைச்சியைக் கண்டபோது, சாலையோரக் கடைகள் தம் பலகைகளில் வெண்பன்றி என்ற சொல்லைப் பெரிதாக எழுதத் தொடங்கின. தெருவில் மேய்ந்ததன்று என்று வாடிக்கையாளருக்குக் கூறும் உறுதிமொழியாகவே அச்சொல் இன்றும் நிற்கிறது.

அடைத்து வளர்த்த பன்றி எல்லாம் ஒரே தரமானதன்று என்பதை அடுப்பு விரைவில் காட்டிக்கொடுத்தது. உணவுவிடுதிகளில் மிஞ்சும் சோறும் சாம்பாரும் பொரித்த எண்ணெயும் இட்டு வளர்த்த பன்றியின் கொழுப்பு இளகி, கையில் ஒட்டி, வெட்டும்போது கத்தியோடு வழுக்கும். மீன்கழிவு இட்டிருந்தால் அதன் வாடை கொழுப்பிலேயே தங்கிவிடும். மக்காச்சோளமும் தவிடும் புண்ணாக்கும் கலந்து வளர்த்த பன்றியின் கொழுப்பு வெண்மையாகவும் உறுதியாகவும் இருந்து, சாப்ஸின் விளிம்பில் ஒரு பட்டையாக நின்று, வேகும்போது மெல்ல உருகித் தசையை நனைக்கும். காயடிக்காமல் ஆறேழு மாதத்திற்கு மேல் வளர்ந்த ஆண் பன்றியின் கொழுப்பில் சிறுநீர் போன்ற ஒரு கடுமையான வாடை ஏறுகிறது. குழம்பில் மிளகும் பூண்டும் மல்லியும் அதை ஓரளவு மறைத்துவிடும், ஆனால் உப்பும் மிளகும் தவிர வேறேதும் இல்லாமல் மூடிய அடுப்பில் வேகும் துண்டில் அவ்வாடை கூடம் முழுவதும் பரவும். ஆகவே சாப்ஸ் செய்பவர் பன்றி வாங்கும்போது எடையைக் கேட்பதற்கு முன் தீவனத்தையும், குட்டியிலேயே காயடித்ததா என்பதையும் கேட்டறிகிறார். விலையைப் பற்றிய பேச்சு அதற்குப் பிறகே வருகிறது.

இவ்வட்டாரத்தின் வெயில் மற்றொரு தடையாகும். பன்றிக்கு வியர்த்து உடல் தணியும் வசதி ஏறத்தாழ இல்லை. நீரிலோ சேற்றிலோ புரண்டுதான் அது சூட்டைப் போக்கிக்கொள்கிறது. நண்பகலில் திறந்த வண்டியில் ஏற்றி வந்து, இறக்கியவுடன் அறுத்த பன்றியின் தசை வெளிறி, தளர்ந்து, வெட்டிய இடமெல்லாம் நீர் கசிந்து நிற்பதை இறைச்சிக் கடைக்காரர் அனைவரும் கண்டிருப்பர். அச்சத்தாலும் வெப்பத்தாலும் துடித்த உடலில், உயிர் பிரிந்தபின் தசை இன்னும் சூடாக இருக்கும்போதே அமிலம் வேகமாகப் பெருகி, நீரைப் பிடித்துவைக்கும் தசையின் ஆற்றலைக் குலைத்துவிடுவதால் இவ்வாறு நேர்கிறது. அத்தகைய கறியைக் கொதிநீரில் இட்டால் குறை தெரிவதில்லை, சூட்டடுப்பில் வைத்தால் அது சக்கையாகிவிடுகிறது. பன்றியை இரவில் ஏற்றி வருவது, முந்தைய மாலையிலிருந்து தீவனம் நிறுத்தித் தண்ணீர் மட்டும் காட்டுவது, நிழலில் சில மணி நேரம் படுக்கவிட்டு விடியற்காலைக் குளிர்ச்சியில் அறுப்பது என்பவை இன்று நல்ல கடைகளில் வழக்கமாகிவிட்டன. விலங்கை அமைதியாக வைத்திருப்பது அதற்குச் செய்யும் கடமை, கறியின் தரமும் அக்கடமையிலேயே அடங்கியிருக்கிறது என்பதைத் தொழிலில் உள்ளோர் தம் கைகளாலேயே உணர்ந்துள்ளனர்.

தமிழ்நாட்டின் இறைச்சிக் கடை காலையில் அறுத்ததைக் காலையிலேயே விற்று முடிக்கும் அமைப்பாகும். வாங்குபவரும் சூடு ஆறாத கறியையே புதியது என்று நம்பி வாங்குகிறார். உயிர் பிரிந்த சில மணி நேரத்தில் தசை விறைத்துக்கொள்கிறது, அவ்விறைப்பு தளர்ந்து கறி மென்மையடைய ஒரு முழுநாள் குளிர்ச்சி வேண்டும். குழம்புக்குச் சிறுதுண்டாக வெட்டி நெடுநேரம் வேகவைக்கும் சமையலில் இந்த இடைவெளி ஒரு பொருட்டன்று என்பதால், நம் கடைகளுக்குக் குளிர் அறை தேவைப்படவே இல்லை. கப்பலின் சமையற்கூடத்தில் உறைகிடங்கிலிருந்து எடுத்து இளக்கிய சாப்ஸ் மென்மையாக வெந்ததும், ஊரில் அதே தடிமனில் அதே சூட்டில் வைத்த புதிய கறி தோல்போல் இறுகியதும் முதலில் புதிராகத் தோன்றின. ஒரே பன்றியின் இடப்பக்க முதுகைக் காலையிலேயும் வலப்பக்க முதுகை ஒரு நாள் குளிரில் தொங்கவிட்ட பின்னும் அறுத்துச் சமைத்துப் பார்த்தபோது புதிர் விலகியது: இரண்டாவதைக் கத்தி தடையின்றி அறுத்தது, முதலாவது பல்லுக்கே அடங்கவில்லை.

குளிரூட்டுவது சொல்வதற்கு எளிது. 2012ஆம் ஆண்டை ஒட்டிய கடும் மின்வெட்டுக் காலத்தில், நாளின் பெரும்பகுதி மின்சாரம் இல்லாத ஊர்களில் குளிர்பெட்டியை நம்பிக் கறியைத் தொங்கவிட இயலாது. அந்நாட்களில் மீன் வண்டிகளுக்கு விற்கும் ஐஸ் பாளங்களை உமியும் சாக்கும் சுற்றிய பெட்டியில் அடுக்கி, கறியில் உருகிய நீர் படாதபடி நடுவில் தட்டு வைத்து ஓர் இரவைக் கடத்துவதே வழியாக இருந்தது. இன்று பண்ணைக்காரர்கள் சிலர் தாமே ஆழ்குளிர்பெட்டி வைத்துள்ளதால் அத்தொல்லை பெரும்பாலும் நீங்கியிருக்கிறது.

வெட்டும் முறையும் மாறவேண்டியிருந்தது. புளியமரக் கட்டையின் மேல் கனத்த கத்தியால் ஓங்கி வெட்டும்போது எலும்பு சிதறித் தூள் தசைக்குள் ஏறுகிறது, துண்டின் ஒரு பக்கம் தடித்தும் மறுபக்கம் மெலிந்தும் அமைகிறது. குழம்பில் இதைப் பொருட்படுத்துவோர் இல்லை. சாப்ஸில் மெலிந்த விளிம்பு காய்ந்து முடிந்த பின்னரே தடித்த நடுப்பகுதி வேகத் தொடங்கும். தசையைக் கத்தியால் எலும்புவரை அறுத்து, எலும்பை மட்டும் ரம்பத்தால் அறுக்கும் பழக்கம் கைவந்த பிறகே துண்டுகள் ஒரே அளவில் அமைந்தன. மின் ரம்பம் வந்தபின் வேலை எளிதாயிற்று என்றாலும், ரம்பத் தூளை ஈரத்துணியால் துடைத்தெடுக்காவிட்டால் சாறு கலங்கி நிறம் கெடும். அறுத்த துண்டுகளை, ஒரு லிட்டர் நீருக்கு 50 கிராம் உப்பு என்ற கணக்கில் கரைத்த குளிர்நீரில் இரண்டு முதல் நான்கு மணி நேரம் ஊறவைத்தால், உப்பு தசைக்குள் இறங்கி, வேகும்போது வெளியேறும் நீரின் அளவைக் குறைக்கிறது.

மக்காச்சோளத்தின் கதை இதைவிட நீளமானது. கம்பும் குதிரைவாலியும் செந்நிற இருங்குச்சோளமும் பருத்தியும் விளைந்த கரிசல் புஞ்சைகளில், கோழித்தீவனத்திற்கான தேவை பெருகியதை ஒட்டி மக்காச்சோளம் பரவியது. ஆண்டு மழையின் பெரும்பகுதியை வடகிழக்குப் பருவமே தரும் இந்நிலத்தில் புரட்டாசிக் கடைசியில் விதைப்பு தொடங்குகிறது. ஐம்பது ஐம்பத்தைந்து நாளில் கதிரில் பட்டிழைகள் வெளிவந்து, அதிலிருந்து ஏறத்தாழ இருபது நாளில் மணி பால்பிடிக்கும். நகத்தால் கீறினால் வெண்மையான பால் தெறிக்கும் அப்பருவம் மார்கழியின் தொடக்கத்தில், அதாவது கிறிஸ்துமஸ் விருந்துக்கான வேலைகள் நடக்கும் வாரங்களில் வந்து விழுகிறது. பூரணத்திற்கு வேண்டியது இந்தப் பால்பருவக் கதிரே. சில நாள் தாமதித்தால் மணி மாவாகி இறுகிவிடும். நகரத்துக் கடைகளில் கிடைக்கும் இனிப்புச் சோளம் பூரணத்தைத் தித்திப்பாக்கிக் கறியின் உப்புச்சுவையோடு பொருந்தாமல் போவதால், தீவனத்திற்கென விதைத்த வயலின் இளங்கதிரையே இக்கட்டுரையாளர் விரும்பி எடுக்கிறார்.

2018இல் படைப்புழு என்னும் புதிய பூச்சி இந்தியாவில் முதன்முதலாகக் கண்டறியப்பட்டு, அதே ஆண்டின் பருவத்திலேயே தமிழ்நாட்டு மக்காச்சோள வயல்களையும் தாக்கியது. குருத்துக்குள் புகுந்து தின்னும் அப்புழுவை அடக்க உழவர்கள் திரும்பத் திரும்ப மருந்தடிக்க நேர்ந்தது; மருந்தடித்த வயலிலிருந்து உரிய இடைவெளி கழியாமல் பச்சைக் கதிரை உணவுக்கு எடுக்கக்கூடாது என்பதால், கதிர் வாங்கும் சமையற்காரர் கடைசியாக மருந்தடித்த நாளையும் மருந்தின் பெயரையும் உழவரிடம் கேட்டறிவது அவ்வாண்டு முதல் கட்டாயமாயிற்று. அப்பருவத்தில் கதிருக்குப் பதிலாக இருங்குச்சோளத்தை உடைத்து ஊறவைத்துப் பூரணம் செய்து பார்த்தபோது, அது கறியின் சாற்றை வாங்காமல் குருணையாகவே நின்றது. முன்பே முக்கால் பதமாக வேகவைத்து, சற்று மசித்து, பிறகு சேர்த்தபோது சரியாயிற்று. அதன் மண்மணமும் துவர்ப்பும் பன்றிக் கொழுப்போடு மிக நன்றாக இயைந்ததால், சில குடும்பங்கள் இன்றும் அதையே கேட்டு வாங்குகின்றன. பருவம் தவறிய மாதங்களில் காய்ந்த மக்காச்சோளத்தை ரவையாக உடைத்துப் பயன்படுத்தலாம். ஆனால் சரியாகக் காயாத மணியில் பிடிக்கும் ஒருவகைப் பூஞ்சை ஈரலைக் கெடுக்கும் நஞ்சை உண்டாக்குகிறது, அந்நஞ்சு சமையல் சூட்டில் முழுதும் அழிவதில்லை. கருத்த மணி, பூத்த மணி, வாடை ஏறிய மணி எதுவாயினும் ஒதுக்கிவிடுவதே முறை.

இந்தச் சமையலின் உட்பொருள் பூரணத்தில் இருக்கிறது. பன்றித் தசை 60 டிகிரி செல்சியஸைத் தாண்டும்போது சுருங்கித் தன் நீரை வெளியே தள்ளத் தொடங்குகிறது. மக்காச்சோள மாவுச்சத்து ஏறத்தாழ 62 முதல் 72 டிகிரிக்குள் நீரை உறிஞ்சிப் பருத்துக் கூழாகிறது. கறி சாற்றைக் கொடுக்கும் நிலையும் சோளம் அதை வாங்கிக்கொள்ளும் நிலையும் இவ்வாறு ஏறக்குறைய ஒன்றாக அமைவதால்தான், வறண்ட அடுப்பில் காய்ந்துபோயிருக்கவேண்டிய சாறு பூரணத்திற்குள் இறங்கி, அதன் ஈரமே ஆவியாக மேலெழுந்து கறியின் அடிப்புறத்தைக் காக்கிறது. இருங்குச்சோளத்தின் மாவுச்சத்து இன்னும் உயர்ந்த சூட்டிலேயே பருப்பதால் அதை முன்கூட்டியே வேகவைக்க நேர்ந்தது.

ஆறு சாப்ஸுக்கு நான்கு கதிர் போதும். இரண்டைத் துருவிப் பாலோடு எடுத்து, மற்ற இரண்டின் மணியை முழுதாக உதிர்ப்பர். முந்தைய நாள் பன்னைப் பிய்த்து உலர்த்தி அதில் கால் கிலோ, உரித்த சின்ன வெங்காயம் 200 கிராம், முட்டை இரண்டு, எலும்பு வேகவைத்த சாறு ஏறத்தாழ 300 மில்லி ஆகியவை சேர்கின்றன. அமெரிக்கச் செய்முறையில் வரும் சேஜ் இலைக்கு ஈடாக, அதே துளசிக் குடும்பத்தைச் சேர்ந்த கற்பூரவல்லி இலை ஐந்தாறைக் கிள்ளிப் பன்றிக் கொழுப்பில் வெங்காயத்தோடு வதக்கினால் மணம் பொருந்துகிறது. இலை மிகுந்தால் கஷாய வாடை அடிக்கும். மிளகைக் கரகரப்பாகத் தட்டிப் போடுவர், முண்டு வத்தலின் விதையை நீக்கி ஒன்றிரண்டைக் கிள்ளிச் சேர்ப்பதும் உண்டு. சாப்ஸை முதலில் கனத்த இரும்புக் கல்லில் இருபுறமும் சிவக்கப் புரட்டிவிட்டு, கல்லில் ஒட்டிய கருஞ்சிவப்புப் பசையைச் சாறு ஊற்றிச் சுரண்டிப் பூரணத்தில் ஊற்றவேண்டும். அப்பசையை வீணாக்குவது பாதிச் சுவையை வீணாக்குவதாகும்.

அடுப்புக்கென முதலில் நாடியது விறகு எரிக்கும் பேக்கரிகளையே. ரொட்டி வெந்து முடிந்து, ரஸ்க் உலர வைப்பதற்கு முன் அடுப்பில் தங்கும் இறங்குசூடு இதற்கு மிகப் பொருத்தமானது. எனினும் பன்றிக்கறியின் மணம் ரொட்டியில் ஏறும் என்பதாலும், தம்மிடம் வாங்குவோர் பலரின் சமய நம்பிக்கைக்கு அது ஒவ்வாது என்பதாலும் பேக்கரியினர் மறுத்தனர். அம்மறுப்பு முற்றிலும் முறையானது. அதன்பின் செங்கல்லும் செம்மண்ணும் சுண்ணாம்பும் கொண்டு சமையற்கூடத்தின் பின்புறம் குவிமாடமாக ஓர் அடுப்பு கட்டப்பட்டது. சீமைக் கருவேல விறகை இரண்டு மணி நேரம் எரித்தால் மாடத்தின் உட்புறத்தில் முதலில் படிந்த புகைக்கரி எரிந்து கல் மீண்டும் வெளுக்கும். அப்போது தணலை வெளியே இழுத்து, ஈரச்சாக்கால் தளத்தைத் துடைத்து, வாயை அடைத்து அரைமணி நேரம் விட்டால் சூடு எங்கும் சமமாகப் பரவுகிறது. தளத்தில் தூவிய மாவு உடனே கருகினால் இன்னும் பொறுக்கவேண்டும், மெல்லப் பொன்னிறமானால் ஏறத்தாழ 180 டிகிரி.

பச்சை விறகின் புகை கறியைக் கசப்பாக்கிவிடும் என்பதால் ஓராண்டு காய்ந்த கட்டையோ, திருச்சுழி, நரிக்குடிப் பக்கத்து மூட்டங்களில் மண்மூடிச் சுட்டெடுத்த கரியோதான் பயன்படுகிறது. 1877இல் இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்ட சீமைக் கருவேலம் கண்மாய்களையும் தரிசுகளையும் அடைத்துக்கொண்டதைக் குறித்து உழவர்கள் கொள்ளும் கவலை உண்மையானது. எனினும் டெக்சாஸ் மாநிலத்தில் இறைச்சி சுடுவதற்குப் பெயர்பெற்ற மெஸ்கிட் மரம் இதன் நெருங்கிய உறவு என்பதும், மக்காச்சோளமும் மிளகாயும் இம்மரமும் மெக்சிகோவை உள்ளிட்ட ஒரே நிலப்பரப்பிலிருந்து வந்தவை என்பதும் சமையற்காரர் அறிந்திருக்கவேண்டியவை.

வெந்த பதத்தை நிறத்தைக் கொண்டு முடிவுசெய்யும் பழக்கம் இவ்வகைக் கறிக்கு உதவாது. அமெரிக்க வேளாண்மைத் துறை 2011இல் முழுத்துண்டுப் பன்றிக்கறிக்கான உட்சூட்டை 63 டிகிரிக்குக் குறைத்து, மூன்று நிமிடம் ஆறவிடச் சொன்னது. அங்குள்ள பண்ணை முறையும் இறைச்சிச் சோதனையும் அதற்குத் துணை நிற்கின்றன. பண்ணையை நேரில் பாராமல் கறி வாங்க நேரும் இடங்களில், பழைய அளவாகிய 71 டிகிரியைக் கைவிடாதிருப்பதே பொறுப்பான செயல் என்பது இக்கட்டுரையாளரின் உறுதியான கருத்து. உப்புநீரில் ஊறி, பூரணத்தின் மேல் மூடிவைத்து வெந்த சாப்ஸ் 71 டிகிரியிலும் சாறு குன்றுவதில்லை. முட்டை கலந்த பூரணம் அதற்கும் மேலாக 74 டிகிரியை எட்டவேண்டும் என்பதால், ஊசி வெப்பமானியைக் கறியின் நடுவிலும் பூரணத்தின் நடுவிலும் தனித்தனியே குத்திப் பார்க்கின்றனர். முதல் அரைமணி நேரம் மூடியும் பின்னர்ப் பதினைந்து இருபது நிமிடம் திறந்தும் வைத்தால் மேற்புறம் முறுகுகிறது.

உண்பவரின் மனம் மெல்லவே மாறியது. 1834இல் தொடங்கிய அமெரிக்க மதுரை மிஷன் திருச்சுழிக்கு அருகிலுள்ள மண்டபசாலையில் ஒரு நிலையம் வைத்திருந்தது. இப்பகுதியின் பழைய கிறிஸ்தவக் குடும்பங்களிடமிருந்தே டிசம்பர் மாதக் கேட்புகள் மிகுதியாக வருகின்றன. மூலநோய்க்குப் பன்றிக்கறி நல்லது, உடம்புக்குக் குளிர்ச்சி என்று நம்பி வாங்குவோர் பல சமூகங்களிலும் உள்ளனர். மருந்தாகக் கருதி உண்போருக்கு முன்னால் ஒரு விருந்துணவாக இதை வைப்பதற்குப் பொறுமை தேவைப்பட்டது. மசாலா இல்லாத கறியா என்று தயங்கியவர்கள், கறியைவிடப் பூரணத்தையே முதலில் ஏற்றுக்கொண்டு இரண்டாம் முறையும் கேட்டு வாங்கினர்.

அண்மைக் காலத்தில் விறகடுப்பின் இடத்தை மின் அடுப்பு பிடித்து வருகிறது. விசிறியோடு கூடிய மின் அடுப்பில் காற்று ஓயாமல் சுழன்று ஈரத்தை வெளியேற்றுவதால், செங்கல் மாடத்தில் சரியாக வந்த அதே அளவுகள் அங்கே பூரணத்தின் விளிம்பைக் காயவைத்துவிடுகின்றன. ஆகவே அடித்தட்டில் ஒரு கிண்ணம் கொதிநீர் வைத்து, பன்னின் அளவைச் சற்றுக் குறைத்து, துருவிய கதிரை இரண்டிலிருந்து மூன்றாக்கி, மூடிவைக்கும் நேரத்தைப் பத்து நிமிடம் கூட்டிச் சமைத்து வருகின்றனர்.